பூசி மறைத்த சுவர்கள்

இடிந்த நகரத்தை எழுப்பினார்கள் என்று யாராவது சொன்னால் உடனே கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு: எந்தத் தெருவை? யாருடைய தெருவை?

வார்ஸாவைப் பார்ப்போம். 1945 ஜனவரியில் நாஜிப் படை விரட்டப்பட்டபோது நகரத்தில் ஏறக்குறைய 85 சதவீதம் நாசம். சோவியத் துணையோடு வந்த புதிய ஆட்சி பிப்ரவரியிலேயே தலைநகர் மீட்டமைப்பு அலுவலகத்தைத் திறந்தது. அக்டோபரில் ஒரே ஆணை. நகரத்து நிலம் நகராட்சிக்குப் போனது. நாடே சேர்ந்து தலைநகரைக் கட்டுகிறது என்றார்கள். பொய்யில்லை, சனங்க செங்கல் சுமந்தாங்க. 18ஆம் நூற்றாண்டில் பெல்லோட்டோ வரைந்த ஓவியங்களைக்கூடப் பார்த்துப் பார்த்துப் பழைய நகரத்தை எழுப்பினார்கள். 1980இல் யுனெஸ்கோ அதை உலக மரபுச் சின்னமாக்கியது.

சரி, மதிலுக்குள் இருந்த நகரம் என்னாச்சு?

1940 நவம்பரில் நாஜிகள் அந்த மதிலுக்குள் நான்கு லட்சத்துக்கும் மேற்பட்ட யூதர்களை அடைத்தார்கள். 1942 கோடையில் இரண்டரை லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை ட்ரெப்ளிங்கா கொலைமுகாமுக்கு ரயிலேற்றினார்கள். 1943 ஏப்ரல் 19 அன்று மிஞ்சியவர்கள் ஆயுதம் எடுத்தார்கள். வீடு வீடாகக் கொளுத்தி அந்தப் பகுதியையே தரைமட்டமாக்கினான் நாஜி.

புதிய ஆட்சி இதைப் பழையபடி எழுப்பவில்லை. 1948இல் போராளிகளுக்கு ஒரு நினைவுச் சின்னம் எழுந்தது. இடிபாட்டு மேட்டின்மீதே, அந்த இடிபாட்டை நொறுக்கிச் செய்த கற்களாலேயே, முரனூவ் குடியிருப்பு எழுந்தது. கட்டிடக் கலைஞர் லாஹெர்ட் சுவர்களைப் பூசாமல் விட நினைத்தார். இடிபாட்டின் நிறமே நினைவாக நிற்கட்டும் என்று. சில வருஷத்தில் பூசி மறைத்துவிட்டார்கள்.

வீடில்லாத உழைப்பாளிக்கு வீடு வேணும். அதில் நமக்கு மாற்றுக் கருத்தே கிடையாது. ஆனால் வங்கியில் உட்கார்ந்து பேரேடு எழுதுகிறவனுக்கு ஒன்று தெரியும்: கணக்குக்காரர் செத்துட்டாருன்னு கணக்கைக் கிழிச்சுப் போட முடியாது. வாரிசு வரும்வரை பெயர் நிற்க வேண்டும்.

அந்தப் பேரேட்டையும் மதிலுக்குள் இருந்தவர்களே எழுதினார்கள். ரிங்கெல்புளூமும் தோழர்களும் நாட்குறிப்பு, கடிதம், சுவரொட்டி எல்லாம் சேர்த்துத் தகரப் பெட்டியிலும் பால் கேனிலும் போட்டு மண்ணுக்குள் புதைத்தார்கள். 1944இல் அவரையும் கொன்றார்கள். 1946இல் ஒரு பகுதி, 1950இல் இன்னொரு பகுதி, இடிபாட்டைத் தோண்டியபோது கிடைத்தது. கட்டிடம் சொல்லாததைக் காகிதம் சொன்னது.

தோழர்களே, ஆட்சி மாறும்போது வரைபடமும் மாறும். புதியவர்கள் நல்லவர்களாகவே இருக்கலாம். அவர்கள் வரைபடத்தோடு வரும்போது நம் கையில் பெயர்ப்பட்டியல் இருக்க வேண்டும். எந்த வீட்டில் யார் இருந்தார்கள், எந்தக் கிணறு யாருடையது என்று இன்றைக்கே எழுதி வைப்போம்.