நந்தாதேவி: யாருக்கு மூடப்பட்ட மலை?

முழுவதும் இந்திய எல்லைக்குள்ளேயே அமைந்துள்ள சிகரங்களில் மிக உயர்ந்தது நந்தாதேவி. உயரம் 7,816 மீட்டர். உத்தராகண்ட் மாநிலத்தின் சமோலி மாவட்டத்தில் உள்ள இம்மலைப்பகுதி 1982இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது. 1988இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் இடம்பெற்றது. மனிதக் காலடி படாத இயற்கை என்று அரசு இதனைப் பெருமையுடன் காட்டுகிறது. மலையடிவார மக்களின் அனுபவமோ வேறு கதையைச் சொல்கிறது.

1974 மார்ச் 26 அன்று ரேணி கிராமத்துக் காட்டை வெட்ட ஒப்பந்ததாரரின் ஆட்கள் வந்தனர். ஆண்கள் ஊரில் இல்லை. நிலத்திற்கான இழப்பீடு தருவதாகச் சொல்லி சமோலிக்கு அழைக்கப்பட்டிருந்தனர். கௌரா தேவியின் தலைமையில் 27 பெண்கள் மரங்களைக் காத்து நின்று வந்தவர்களைத் திருப்பியனுப்பினர். சிப்கோ இயக்கத்தின் ஒளிமிக்க அத்தியாயம் இது. அப்பகுதி மக்களைத் திரட்டியதில் கம்யூனிஸ்ட் தலைவர் கோவிந்த் சிங் ராவத்தின் பங்கு முக்கியமானது.

காட்டைக் காத்த அதே மக்களைத்தான் எட்டே ஆண்டுகளில் பூங்கா வெளியேற்றியது. 1962 போரால் திபெத் வணிகத்தை இழந்திருந்த போட்டியா மக்களுக்கு மேய்ச்சலும், மலையேற்றக் குழுக்களுக்குச் சுமை தூக்கும் வேலையுமே எஞ்சியிருந்தன. அவ்விரண்டும் பறிபோயின. 1998இல் லாதா, ரேணி மக்கள் ‘ஜப்டோ சீனோ’, அதாவது ‘பாய்ந்து பறிப்போம்’ என்ற முழக்கத்துடன் போராட்டத்தில் இறங்கினர்.

மூடப்பட்ட பின் காடும் வனவிலங்குகளும் ஓரளவு மீண்டன என்பது உண்மை. ஆனால் மலையைக் கெடுத்தவர்கள் மேய்ப்பர்களா? குப்பைகளைக் குவித்தவை மலையேற்றக் குழுக்கள். 1965இல் சீனாவின் அணு ஆயுதச் சோதனைகளை உளவு பார்க்க, அமெரிக்காவின் சிஐஏ இந்திய உளவுத்துறையின் துணையோடு புளூட்டோனியத்தால் இயங்கும் கருவியை இம்மலைக்குக் கொண்டு சென்றது. கடும் பனிப்புயலில் இடையிலேயே விடப்பட்ட அக்கருவி இன்றுவரை கிடைக்கவில்லை. 1978இல் பிரதமர் மொரார்ஜி தேசாய் நாடாளுமன்றத்தில் இதனை ஒப்புக்கொள்ள நேர்ந்தது.

ஆடுகளுக்குச் சாத்தப்பட்ட கதவு மூலதனத்திற்குத் திறந்தே இருந்தது. பூங்காவிலிருந்து இறங்கிவரும் ரிஷிகங்கா ஆற்றில், ரேணிக்கு அருகிலேயே 13.2 மெகாவாட் தனியார் நீர்மின் நிலையம் எழுந்தது. அதன் கீழே தபோவனில் 520 மெகாவாட் திட்டம். கேதார்நாத் பேரழிவுக்குப் பின் உச்ச நீதிமன்ற ஆணைப்படி அமைக்கப்பட்ட ரவி சோப்ரா குழு, பனியாறுகள் பின்வாங்கிய பகுதிகளில் அணைகள் ஆபத்தானவை என 2014இலேயே எச்சரித்தது. அரசு செவிசாய்க்கவில்லை.

2021 பிப்ரவரி 7 அன்று ரோண்டி சிகரத்திலிருந்து பாறையும் பனியும் பெயர்ந்து விழுந்தன. வெள்ளம் இரு திட்டங்களையும் அடித்துச் சென்றது. 200க்கும் மேற்பட்டோர் மாண்டனர் அல்லது காணாமல் போயினர். அவர்களில் பெரும்பாலோர் சுரங்கத்திலும் அணைக்களத்திலும் உழைத்த தொழிலாளர்கள். அவர்களை எச்சரிக்க ஒரு அபாயச் சங்குகூட இல்லை. பாறை சரிந்தது இயற்கை. அதன் பாதையில் தொழிலாளர்களை நிறுத்தியது இலாபவெறி.

திட்டங்களை ரத்து செய்யக் கோரி ரேணி மக்கள் உள்ளிட்ட ஐவர் உயர் நீதிமன்றத்தை நாடினர். 2021 ஜூலையில் மனுவைத் தள்ளுபடி செய்த நீதிமன்றம், அவர்களது நோக்கத்தையே ஐயுற்று ஆளுக்கு ரூ.10,000 அபராதமும் விதித்தது. 2023இல் ஒன்றிய பாஜக அரசு வனப் பாதுகாப்புச் சட்டத்தைத் திருத்தி, சர்வதேச எல்லையிலிருந்து 100 கிலோமீட்டருக்குள் பாதுகாப்பின் பெயரால் அமையும் சாலை போன்ற திட்டங்களுக்கு வன அனுமதியிலிருந்து விலக்களித்தது. நந்தாதேவியின் அடிவாரமும் இந்த எல்லைக்குள்தான் வருகிறது.

இயற்கைப் பாதுகாப்பா, மக்கள் வாழ்வா என்ற கேள்வியே பொய்யானது. 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டப்படி மேய்ச்சல் உள்ளிட்ட சமூக உரிமைகள் இக்கிராமங்களுக்கு வழங்கப்பட வேண்டும். கிராம சபையின் ஒப்புதலின்றி எந்தத் திட்டமும் கூடாது. பனியாற்றுப் பகுதிகளில் நீர்மின் திட்டங்கள் கைவிடப்பட வேண்டும். 2023ஆம் ஆண்டுத் திருத்தம் திரும்பப் பெறப்பட வேண்டும். மலையை யார் காப்பார்கள் என்பதை ரேணியின் 27 பெண்கள் 1974லேயே நிரூபித்துவிட்டனர். அவர்களது வழித்தோன்றல்களுக்கு அந்த உரிமையை வென்றெடுப்பது நாடெங்கும் உள்ள ஜனநாயக இயக்கத்தின் கடமையாகும்.