இப்ப வேண்டாம், கொஞ்சம் பொறுங்க

மதம் சம்பந்தமான டாக்குமெண்டரின்னாலே எனக்குக் கொஞ்சம் சலிப்பு. சபைக்காரங்களே காசு போட்டு எடுத்ததுன்னா எல்லாரும் சிரிச்ச முகமா பாட்டுப் பாடிக்கிட்டிருப்பாங்க. வெளியாள் எடுத்ததுன்னா, பழமைவாதிங்க நாலு பேரைப் பிடிச்சு 'பாருங்க இந்தக் கூத்தை'ன்னு காட்டுவாங்க. ரெண்டுலயும் படம் பார்க்க உட்காரும்போதே முடிவு தெரிஞ்சிடும்.

இந்த ரெண்டு வகையிலும் சேராத ஒரு படம் 'எ டைம் ஃபார் பர்னிங்'. 1966ல் வந்தது. கறுப்பு வெள்ளை, ஒரு மணி நேரத்துக்குள்ள முடிஞ்சிடும். எடுத்தவர்கள் பில் ஜெர்சி, பார்பரா கானெல். எடுக்கச் சொன்னது லூத்தரன் ஃபிலிம் அசோசியேட்ஸ், அதாவது சபைகளோட சொந்த அமைப்பு. 1953ல் மார்ட்டின் லூத்தர் வாழ்க்கையைப் பெருமையா படம் எடுத்த அதே லூத்தரன் உலகம்தான் இந்தப் படத்துக்கும் பணம் போட்டது. ஆச்சரியமே அங்கதான் ஆரம்பிக்குது.

கதை நடக்கிறது அமெரிக்காவின் நெப்ராஸ்கா மாநிலத்துல, ஒமாஹா நகரத்துல. ஆகஸ்டானா லூத்தரன் சர்ச், முழுக்க வெள்ளையர் சபை. பாஸ்டர் வில்லியம் யங்டால் கேட்கிறது பெரிய புரட்சி எதுவும் இல்லை. சபையிலிருந்து பத்து தம்பதிகள், விருப்பம் இருக்கிறவங்க மட்டும், அதே ஊர்ல இருக்கிற கறுப்பின லூத்தரன் குடும்பங்களைப் போய்ப் பார்த்துப் பேசிட்டு வரணும். அவ்வளவுதான். ஒரே விசுவாசம், ஒரே லூத்தரன் மரபு, ஒரே ஊர்.

அதுக்கே சபை ஆடிப் போகுது. ஆனா படத்துல யாரும் கத்துறதில்லை, யாரையும் கெட்ட வார்த்தையில திட்டுறதில்லை. சபைக் குழுவுல உட்கார்ந்து ரொம்ப மரியாதையா பேசுறாங்க. எண்ணம் நல்லதுதான், ஆனா நேரம் சரியில்லை. எனக்கு ஆட்சேபணை இல்லை, மத்தவங்க வருத்தப்படுவாங்க. அவசரப்பட்டா சபை பிளவுபடும். நம்ம ஆபீஸ் மீட்டிங்ல ஒரு விஷயத்தைக் கொல்றதுக்கு இதே வசனங்களைத்தான் பயன்படுத்துறோம் :-)

படத்தைப் பத்திப் பேசுறவங்க பெரும்பாலும் சலூன் காட்சியைத்தான் சொல்வாங்க. எர்னி சேம்பர்ஸ்னு ஒரு கறுப்பின முடிதிருத்துநர். பாஸ்டர் அவர் கடைக்கு வர்றார். சேம்பர்ஸ் முடி வெட்டிக்கிட்டே, குரலை உயர்த்தாம, வெள்ளையர்களோட கிறிஸ்தவத்தையே கிழிச்சுத் தோரணம் கட்டறார். பாஸ்டர் பதில் பேசாம நிக்கிறார். (இதே சேம்பர்ஸ் 1970ல் நெப்ராஸ்கா சட்டமன்றத்துக்குத் தேர்வாகி, நடுவுல ஒரு இடைவெளி விட்டு, 2021 வரைக்கும் இருந்தார்.) பிரமாதமான காட்சிதான், மறுக்கலை.

ஆனா என் ஓட்டு அந்த மீட்டிங் காட்சிகளுக்குத்தான். அங்க பின்னணிக் குரல் வந்து 'இவர் இனவெறியர்'னு லேபிள் ஒட்டலை. சுமக்கக்கூடிய கேமரா, கூடவே ஒலிப்பதிவுக் கருவி, நிறைய பொறுமை. மறுக்கிறவங்களுக்கும் முழுசா பேச நேரம் கொடுக்கிறாங்க. அதனாலதான் அவங்களைக் கேலி பண்ண முடியலை, மன்னிக்கவும் முடியலை. சபைக் குழுவுல இருந்த ஒருத்தர் முதல்ல தயங்குறார், போகப் போக அவர் மனசு மாறுறது கண்ணெதிர்ல தெரியுது. கேலிப் படம் எடுத்திருந்தா இந்த மனுஷன் கிடைச்சிருக்கவே மாட்டார்.

ஒரு நியாயமான எதிர்க்கேள்வி உண்டு. வெள்ளைக்காரங்க மனப்போராட்டத்தைப் பார்க்க நாம ஏன் ஒரு மணி நேரம் ஒதுக்கணும்? கறுப்பின மக்களுக்கு இதுல என்ன கிடைச்சுது? படத்துக்குள்ளேயே சேம்பர்ஸ் கிட்டத்தட்ட இதைத்தான் கேட்கிறார். அந்தக் கேள்வியை வெட்டி எறியாம வெச்சதுதான் படத்தோட நேர்மைன்னு நினைக்கிறேன். பத்து குடும்பம் போய் டீ குடிச்சா இனப் பிரச்சினை தீர்ந்துடும்னு படம் ஒரு இடத்திலும் சொல்லலை. அந்தச் சின்ன விஷயத்துக்கே ஒரு சபையால முடியலைன்னு மட்டும் காட்டுது.

கடைசியில யங்டால் ராஜினாமா பண்ணிட்டுப் போறார். பணம் போட்ட அமைப்பு நினைச்சிருந்தா படத்தைப் பெட்டிக்குள்ள போட்டுப் பூட்டியிருக்கலாம், இல்லேன்னா முடிவை மாத்தி ஒரு பிரார்த்தனையோட முடிச்சிருக்கலாம். ரெண்டையும் செய்யலை. வணிகத் தொலைக்காட்சி நிறுவனங்கள் வேண்டாம்னு சொன்னப்புறமும் பொதுத் தொலைக்காட்சியில காட்டினாங்க. ஆஸ்கர் பரிந்துரை வரைக்கும் போச்சு. 2005ல் அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டிலும் இடம் பிடிச்சுது.

தன் தோல்வியைத் தானே காசு கொடுத்துப் படமெடுத்து, அதை ஊருக்கே போட்டுக் காட்ட எத்தனை அமைப்புக்குத் தைரியம் வரும்? மதம்னு இல்லை, கட்சி, கம்பெனி, சங்கம் எதையும் எடுத்துக்கோங்க.

வாய்ப்பு கிடைச்சா பாருங்க. 'இப்ப வேண்டாம்'ங்கிறதை எத்தனை விதமா சொல்றாங்கன்னு எண்ணிக்கிட்டே பாருங்க. நான் பாதியிலேயே எண்ணுறதை நிறுத்திட்டேன்.