லூவரின் வாசலை விலைபேச விடக் கூடாது

பாரிஸில் லூவர் அருங்காட்சியகத்தின் கண்ணாடிப் பிரமிடு முன்னால் கோடைக்காலத்துக் காலை வேளையில் போய் நின்று பாருங்கள். தடுப்புகளுக்கு நடுவே வரிசை வளைந்து வளைந்து கிடக்கும். கைக்குழந்தையைத் தோளில் சாய்த்துக்கொண்டு ஒரு தாய் நிற்பார். முதுகுப்பையைத் தரையில் போட்டு அதன்மேலேயே உட்கார்ந்துவிட்ட மாணவர்கள் இருப்பார்கள். அவர்களைத் தாண்டி, மடக்கிய குடையை உயர்த்திப் பிடித்தபடி ஒருவர் விறுவிறுவென்று நடப்பார். அவருக்குப் பின்னால், சட்டையில் ஒரே நிற ஒட்டுத்தாள் ஒட்டிய பதினைந்து இருபது பேர் ஓட்டமும் நடையுமாகப் போவார்கள். ‘வரிசையில் காத்திருக்க வேண்டாம், கூடவே ஆள் வந்து உள்ளே அழைத்துப் போவார்’ என்று சொல்லி விற்கப்படும் டிக்கெட்டை வாங்கியவர்கள் அவர்கள்.

ஐரோப்பாவில் கூட்டம் மொய்க்கும் கலைக்கூடங்களில் இந்த வியாபாரம் இன்று கொடிகட்டிப் பறக்கிறது. சுற்றுலாப் பயணியின் வசதி சம்பந்தப்பட்ட சின்ன விஷயம் என்று பலர் இதை விட்டுவிடுகிறார்கள். நம்மால் அப்படி விட முடியவில்லை. மக்களுக்குச் சொந்தமான கலைக்கூடத்தின் வாசலில், கூடுதல் பணம் கொடுத்தவருக்கு ஒரு வழியும் கொடுக்காதவருக்கு ஒரு வழியும் இருக்கக் கூடாது. இடைத்தரகர்கள் கையில் இருக்கும் இந்த விற்பனையை அருங்காட்சியகங்களே நிறுத்த வேண்டும்.

விற்கப்படுவது என்ன என்று முதலில் பார்ப்போம். லூவரின் டிக்கெட்டில் நாளும் நேரமும் குறிக்கப்பட்டிருக்கும். அருங்காட்சியகத்தின் இணையதளத்தில் நேரடியாக வாங்கினால் வேண்டிய நேரத்தை நாமே தேர்ந்தெடுக்கலாம். அந்த நேரத்துக்குப் போனால் டிக்கெட் இல்லாதவர்களின் வரிசையில் நிற்க வேண்டியதில்லை. பை சோதனை எல்லோருக்கும் உண்டு. குடை பிடித்தவர் பின்னால் போனாலும் அதைத் தாண்ட முடியாது. அப்படியானால் கூட வரும் ஆள் செய்வது என்ன? சொன்ன இடத்தில் காத்திருந்து, டிக்கெட்டைக் கையில் கொடுத்து, வாசலைக் காட்டுகிறார். சிலர் மோனாலிசா வரை கொண்டுபோய் விட்டுவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். பிரான்ஸில் அருங்காட்சியகத்துக்குள் குழுவை அழைத்துச் சென்று விளக்கம் சொல்வதைத் தொழிலாகச் செய்ய அரசு தரும் அட்டை வேண்டும். அதற்கென்று படித்துத் தகுதி பெற்றவர்களுக்கே அது கிடைக்கும். அட்டை இல்லாத ஆள் ஓவியத்தின் முன்னால் நின்று விளக்கம் சொல்ல முடியாது. ஆக, முன்பதிவு செய்யும் யாருக்கும் அருங்காட்சியகம் தருகிற அதே நுழைவுக்குத்தான் இருமடங்கும் அதற்கு மேலும் விலை சொல்கிறார்கள். ஊருக்குப் புதியவர், மொழி தெரியாதவர், கையில் ஒரே ஒரு நாள் வைத்திருப்பவர் ஆகியோரின் பயம்தான் இந்தக் கடையின் முதலீடு.

அந்தப் பயத்துக்குத் தீனி டிக்கெட் தட்டுப்பாடு. தட்டுப்பாட்டை உண்டாக்கவும் முடியும் என்பதற்கு ரோம் நகரின் கொலோசியம் சாட்சி. அது கலைக்கூடமல்ல என்றாலும் வாசல் விவகாரம் ஒன்றுதான். 18 யூரோ விலையுள்ள சாதாரண டிக்கெட் இணையத்தில் நெடுங்காலம் கண்ணிலேயே படவில்லை. வழிகாட்டியோடும் பிற சேவைகளோடும் சேர்த்து விற்கப்பட்ட, விலை கூடிய டிக்கெட் மட்டும் தாராளமாகக் கிடைத்தது. இத்தாலியின் போட்டி ஒழுங்குமுறை ஆணையம் விசாரித்து 2025 ஏப்ரலில் தன் முடிவை வெளியிட்டது. டிக்கெட் விற்பனையை நடத்திவந்த நிறுவனமே தன்னுடைய சுற்றுகளுக்கென்று பெரும் எண்ணிக்கையில் டிக்கெட்டுகளை ஒதுக்கி வைத்துக்கொண்டது. பயண நிறுவனங்கள் தானியங்கி மென்பொருளை வைத்து மற்றதை அள்ளின. எல்லோருக்குமாகக் கிட்டத்தட்ட 2 கோடி யூரோ அபராதம். அதில் 70 லட்சம், விற்பனையை நடத்திய நிறுவனத்தின் தலையில். காத்திருக்க வேண்டாம் என்று கூவி விற்றவர்களுக்கே மற்றவர்களைக் காத்திருக்க வைத்ததிலும் பங்கு இருந்தது.

லூவரில் நெருக்கடி இயல்பாகவே இருக்கிறது. 1989இல் திறக்கப்பட்ட அந்தப் பிரமிடு ஆண்டுக்கு 40 லட்சம் பேர் வந்துபோகத் திட்டமிடப்பட்டது. 2018இல் ஒரு கோடியைத் தாண்டிப் பார்வையாளர்கள் வந்தார்கள். 2024இலும் 87 லட்சம் பேர். ஒரு நாளைக்கு 30,000 பேர் என்று நிர்வாகம் வரம்பு கட்டியும் மூச்சுமுட்டுகிறது. 2025 ஜூன் 16ஆம் தேதி ஊழியர்கள் கூட்ட நெரிசலைத் தாங்க முடியாமல் வேலையை நிறுத்தினார்கள். டிக்கெட்டோடு வந்தவர்கள் பிரமிடைச் சுற்றிக் காரணம் தெரியாமல் நின்றார்கள். இப்படி இடம் போதாத வீட்டில், தரகருக்குப் போகும் ஒவ்வொரு நுழைவும் பொதுவில் வாங்கக் காத்திருக்கும் ஒருவரின் கையிலிருந்து போவதுதான்.

நம்மவர்களுக்கு இதில் நேரடிச் சுமை உண்டு. 2026 ஜனவரியிலிருந்து ஐரோப்பியப் பொருளாதார மண்டலத்துக்கு வெளியிலிருந்து வருகிறவர்களுக்கு லூவரின் கட்டணம் 32 யூரோ, மற்றவர்களுக்கு 22. பாரிஸில் லா ஷபேல் பகுதியில் கடை வைத்திருக்கும் யாழ்ப்பாணத்துக்காரர் 22 யூரோ கொடுத்து நுழையும்போது, அவரைப் பார்க்க ஊரிலிருந்து வந்த அக்கா 32 கொடுக்க வேண்டும். இந்தப் பாகுபாடு நமக்கு உடன்பாடில்லை. ஆனாலும் அந்தப் பத்து யூரோ பழுதுபட்ட கட்டடத்தைச் சீர்செய்ய அருங்காட்சியகத்துக்குப் போகிறது. தரகரின் கூடுதல் விலையில் அருங்காட்சியகத்துக்கு ஒரு காசும் சேர்வதில்லை. இன்னொன்றையும் சொல்ல வேண்டும். 18 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு, எந்த நாட்டவரானாலும், லூவரில் கட்டணமே கிடையாது. இரண்டு பிள்ளைகளோடு மதுரையிலிருந்து போகும் தம்பதி அருங்காட்சியகத்துக்குக் கொடுக்க வேண்டியது 64 யூரோதான். ஐரோப்பா பேக்கேஜ் விற்பவர் பிள்ளைகளுக்கும் சேர்த்துக் கணக்குச் சொன்னால், எதற்கு என்று கேட்க வேண்டும்.

கேட்க நமக்குத் தோன்றாமல் போவதற்கு ஒரு காரணம் இருக்கிறது. பொது தரிசனம், சிறப்பு தரிசனம் என்று கோயிலிலேயே இரண்டு வரிசை பார்த்துப் பழகிவிட்டோம். சாமிக்கு முன்னாலேயே ரசீது பேசுகிறது என்றால் ஓவியத்துக்கு முன்னால் பேசக் கூடாதா என்று மனம் தானாகச் சமாதானம் சொல்லிக்கொள்கிறது. பழகிப்போனது என்பதால் ஒன்று நியாயமாகிவிடாது. அங்கேயும் இல்லை, இங்கேயும் இல்லை.

இந்த அவசர நுழைவு பார்ப்பதையே கெடுக்கிறது என்பது நமது பெரிய வருத்தம். மோனாலிசா 77 செ.மீ. உயரமும் 53 செ.மீ. அகலமும் உள்ள ஒரு மரப்பலகை. கண்ணாடிக்குப் பின்னால், தடுப்புக்கு அப்பால், உயர்த்திய செல்போன்களின் இடுக்கில் அதைப் பார்க்கக் கிடைப்பது சில நொடிகள். ‘நேராக மோனாலிசா’ என்று விற்கப்படும் ஒவ்வொரு டிக்கெட்டும் அந்த ஒரே அறையில் இன்னொருவரைக் கொண்டுபோய்த் திணிக்கிறது. அதே அறையில், அந்தக் கூட்டத்தின் முதுகுக்குப் பின்னால், வெரோனீஸ் 1563இல் முடித்த ‘கானா ஊர்த் திருமணம்’ சுவர் முழுக்க விரிந்து கிடக்கிறது. கிட்டத்தட்ட 10 மீட்டர் அகலம். நெப்போலியனின் படை 1797இல் வெனிஸ் மடத்திலிருந்து எடுத்துவந்தது. கல்யாணப் பந்தியில் நூற்றுக்கும் மேற்பட்ட முகங்கள், நடுவில் வாத்தியக்காரர்கள், வலது ஓரத்தில் மஞ்சள் உடையில் ஒருவன் பெரிய சாடியைச் சாய்த்து, தண்ணீராக இருந்து திராட்சை மதுவானதைச் சின்னக் குடத்தில் ஊற்றுகிறான். பைபிள் சொல்லும் அந்த அற்புதம் நடந்தது அந்த மூலையில்தான். கூட்டம் அதற்கு முதுகைக் காட்டி நிற்கிறது.

அறையை விட்டு வெளியே வந்தால் நீண்ட கூடத்தில், மோனாலிசாவை வரைந்த அதே லியனார்டோ டா வின்சியின் வேறு ஓவியங்கள் இருக்கின்றன. அங்கே நெரிசல் இல்லை, நிதானமாக நிற்கலாம். ரிஷெலியூ பகுதியின் இரண்டாம் மாடிக்கு ஏறினால் வெர்மீரின் ‘சரிகை பின்னுபவள்’ இருக்கிறாள். ஒரு பள்ளி நோட்டுப் புத்தகத்தைவிடப் பெரிதில்லை அந்தப் படம். மஞ்சள் சட்டை போட்ட பெண் குனிந்து ஊசிகளுக்கு நடுவே நூலை இழுத்துப் பிடித்திருக்கிறாள். பக்கத்தில் நீலத் திண்டிலிருந்து சிவப்பும் வெள்ளையுமாக நூல்கள் வழிகின்றன. கிட்டப் போனால் அவை நூலாக இல்லை, சிந்திய வண்ணமாக இருக்கின்றன. இரண்டடி பின்னால் வந்தால் மறுபடி நூல். இதைக் காண ஐந்து நிமிடம் போதும். மோனாலிசாவோடு வேலை முடிந்தது என்று இறக்கிவிடப்பட்டவருக்கு, இப்படி ஒரு மாடி இருப்பதே தெரியாமல் போகிறது.

மறுதரப்பின் வாதங்களை நாம் தள்ளிவிடவில்லை. வாழ்நாளில் ஒருமுறை பாரிஸ் போகிற எழுபது வயதுக்காரர் இரண்டு மணி நேரம் வெயிலில் நிற்க வேண்டுமா என்று கேட்கிறார்கள். வேண்டியதில்லை. உடல் முடியாதவருக்கு முன்னுரிமை கொடுப்பதே நாகரிகம். மாற்றுத்திறனாளிக்கும் உடன்வரும் ஒருவருக்கும் லூவர் இலவச நுழைவும் முன்னுரிமையும் தருகிறது. அதைத் தள்ளாத வயதினருக்கும் கைக்குழந்தையோடு வருகிறவர்களுக்கும் தாராளமாக விரிக்கட்டும். தேவை பார்த்துக் கொடுப்பதும் பணம் பார்த்துக் கொடுப்பதும் ஒன்றல்ல. வழிகாட்டிகளின் பிழைப்பு என்னாகும் என்றும் கேட்கிறார்கள். அட்டை பெற்ற நல்ல வழிகாட்டி ஒருவரோடு இரண்டு மணி நேரம் நடந்தவர்கள் அதை ஆயுளுக்கும் சொல்வார்கள். அவருக்குக் கொடுக்கும் கூலி அறிவுக்கான கூலி; அது இன்னும் கூடினாலும் தகும். கதவைக் காட்டுவதற்கு மட்டும் கூலி வாங்குகிறவரை அவரோடு சேர்த்துப் பேசுவது அவரைச் சிறுமைப்படுத்துவதாகும்.

இந்த இடத்தின் பிறப்பையும் நினைத்துப் பார்க்க வேண்டும். அரசர்களின் அரண்மனையாக இருந்த லூவர் 1793 ஆகஸ்ட் 10ஆம் தேதி மக்களுக்கு அருங்காட்சியகமாகத் திறக்கப்பட்டது. முடியாட்சி வீழ்ந்து அன்றோடு சரியாக ஓராண்டு. அரசனும் அவன் அழைத்தவர்களும் மட்டும் பார்த்த படங்களைத் தெருவில் போகிறவர்கள் வந்து பார்த்தார்கள். 1922 வரை நுழைவுக் கட்டணம் இல்லை. அந்த வாசலில் இன்று பணத்தால் ஒரு தனி வழி போடப்படுவது அந்தத் தேதிக்கு இழைக்கும் துரோகம்.

வரிசையை எல்லோருக்கும் குறைக்க முடியும் என்பதற்கு ஃபிளாரன்ஸ் நகரின் உஃபிசி கலைக்கூடம் வழிகாட்டியிருக்கிறது. லாக்விலா பல்கலைக்கழகத்தோடு சேர்ந்து 2018 அக்டோபரில் ஓர் இலவச ஞாயிற்றுக்கிழமையில் அங்கே ஒரு சோதனை செய்தார்கள். வருகிறவர் இயந்திரத்தில் ஒரு சீட்டு எடுப்பார். எத்தனை மணிக்கு வரவேண்டும் என்று அதில் இருக்கும். அதுவரை காபி குடிக்கலாம், ஆற்றங்கரையில் உலாவலாம். வானிலை, கூட்டம், உள்ளே ஒருவர் எவ்வளவு நேரம் தங்குகிறார் என்பதையெல்லாம் கணக்கிட்டு ஒரு நிரல் நேரத்தைப் பிரித்துக் கொடுத்தது. மூன்று மணி நேரம் வரை நீண்ட காத்திருப்பு சில நிமிடங்களுக்குச் சுருங்கியது. யாரிடமும் இதற்காகக் கூடுதல் காசு வாங்கவில்லை.

லூவரால் இது முடியாது என்று யாரும் சொல்ல முடியாது. டிக்கெட் முழுவதும் அருங்காட்சியகத்தின் கையிலிருந்து, வருகிறவரின் பெயரில், அச்சிட்ட விலையில் போகட்டும். வழிகாட்டி வேண்டுமென்றால் அவருடைய கட்டணம் ரசீதில் தனி வரியாக இருக்கட்டும். அன்றன்று வந்து கேட்பவர்களுக்கென்று ஒரு பங்கு ஒதுக்கப்படட்டும். இணையம் கைவராத முதியவர்களுக்கு அதுதான் வழி.

இதற்கு இப்போதுதான் நேரமும் கூடி வந்திருக்கிறது. லூவரின் கிழக்குப் பக்கத்தில் புதிய வாசலும், மோனாலிசாவுக்கு என்று தனி டிக்கெட்டோடு தனி அறையும் அமைக்கப்படும் என்று பிரெஞ்சு அதிபர் மக்ரோன் 2025 ஜனவரியில் அறிவித்தார். 2031ஐ இலக்காகச் சொல்லியிருக்கிறார்கள். சுவர் எழுவதற்கு முன்பே, அந்த அறைக்கான டிக்கெட்டில் எத்தனை விழுக்காடு பொதுவில் விற்கப்படும், எத்தனை முகவர்களுக்குப் போகும் என்பதை நிர்வாகம் எழுத்தில் வெளியிட வேண்டும். முகவர்களுக்கான பங்கு பூஜ்யமாக இருக்க வேண்டும் என்பது நம் கோரிக்கை.