நைலாவின் பெயர்

'நானூக் ஆஃப் த நார்த்' படத்தை "ஆவணப்படங்களுக்கெல்லாம் தாய்" என்று அறிமுகம் செய்து எங்கள் கல்லூரித் திரைப்பட மன்றத்தில் திரையிட்டார்கள். 1922இல் வெளிவந்த படம். இசைத்தட்டை நானூக் பல்லால் கடித்துப் பார்க்கும் இடத்தில் மாணவிகள் சிரித்தார்கள். இருபது வருடங்களுக்கு முன் அதே இடத்தில் நானும் சிரித்தவள்தான். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

நானூக் என்று ஒருவர் இல்லை. நடித்தவர் பெயர் அல்லக்காரியல்லக். கிராமபோன் என்றால் என்னவென்று அவருக்குத் தெரியும். துப்பாக்கியால் வேட்டையாடிப் பழகியவர் கையில் ஈட்டியைக் கொடுத்தவர் இயக்குநர் ராபர்ட் ஃப்ளாஹர்டி. பணம் போட்டது விலங்குத் தோல் விற்கும் ஒரு பிரெஞ்சு நிறுவனம். பனிவீட்டுக்குள் வெளிச்சம் போதவில்லை என்று பாதி வீடு மட்டும் கட்டி, திறந்த குளிரில் அந்தக் குடும்பத்தை உடை களைந்து படுக்க வைத்தார்கள். இதைக் கலைக்கான சமரசம் என்பார்கள். குளிர்ந்தது யாருக்கு?

அந்தக் குடும்பமும் குடும்பமல்ல. மனைவியாக வரும் நைலா, நானூக்காக நடித்தவரின் மனைவியே இல்லை. நைலாவாக நடித்தவரின் நிஜப் பெயரை ஒரு நூல் ஒன்றாகச் சொல்கிறது, இன்னொரு நூல் வேறொன்றாகச் சொல்கிறது. காமிரா மட்டும் ஏக்லி காமிரா என்று துல்லியமாகக் குறித்து வைத்திருக்கிறார்கள்!

படப்பிடிப்புக் காலத்தில் மேகி நுஜார்லுக்டுக் என்ற இனுயிட் பெண்ணுக்கும் ஃப்ளாஹர்டிக்கும் உறவு இருந்தது. மகன் ஜோசஃபி பிறந்தார். ஃப்ளாஹர்டி திரும்பி வரவேயில்லை. 1953இல் இனுக்ஜுவாக் பகுதிக் குடும்பங்களைக் கனடா அரசு ஏறத்தாழ 2000 கிலோமீட்டர் வடக்கே, மாதக்கணக்கில் சூரியனே உதிக்காத நிலத்துக்குக் கொண்டுபோய் இறக்கத் தொடங்கியது. 1955இல் அப்படிப் போனவர்களில் ஜோசஃபியும் ஒருவர். அரசு மன்னிப்புக் கேட்டது 2010இல். எந்தப் பனியிலும் சிரித்துக்கொண்டே பிழைத்துக்கொள்வார்கள் என்று உலகத்துக்குக் காட்டிய பிம்பத்துக்கு இதில் பங்கே இல்லை என்று என்னிடம் சொல்லாதீர்கள்.

"நாங்கள் கையெழுத்து வாங்கித்தான் எடுக்கிறோம்" என்கிறார்கள் இன்றைய இயக்குநர்கள். வாசிக்கத் தெரியாத மொழியில் ஒரு தாள், ஒரே ஒரு நாள், ஒரு கைநாட்டு. படத்தொகுப்பு மேசையில் அந்தப் பெண் உட்கார்ந்தாளா? 'இது வேண்டாம், எடுத்துவிடு' என்று அவள் சொன்னால் நடக்குமா? மூலப்பதிவு யார் வீட்டில் இருக்கிறது? முடியாத காரியம் ஒன்றையும் நான் கேட்கவில்லை. இக்லூலிக்கில் இனுயிட் பெண்கள் 1991இல் அர்னாயிட் என்ற வீடியோக் குழுவைத் தொடங்கினார்கள். கடல்நாய்க் கொழுப்பு விளக்கை ஏற்றுவதை அவர்களே படமாக்கினார்கள். அங்கே யாரும் யாருக்கும் 'நைலா' என்று பெயர் வைக்கவில்லை.

ஃப்ளாஹர்டியைத் திட்டுவது சுலபம், அவர் செத்துப்போனவர். நான் உயிரோடிருக்கிறேன். முனைவர் பட்டத்துக்காக ஒரு மலையடிவாரத்தில் பழங்குடிப் பெண்களிடம் ஒப்பாரி பதிவு செய்தேன். மிக நன்றாகப் பாடிய அம்மா என் ஆய்வேட்டின் பின்னிணைப்பில் 'தகவலாளி 4, பெண், வயது சுமார் 60'. எனக்குப் பட்டம் வந்தது, வேலை வந்தது. பல வருடங்கள் கழித்து அந்தப் பக்கம் போனபோது அவருடைய மகள் கேட்டார்: "அம்மா கொரலு ஒங்ககிட்ட இருக்காமே டீச்சர், ஒருதடவ கேக்கலாமா?"

கேசட் என் பீரோவில்தான் இருந்தது. நாடாவில் பூஞ்சை பிடித்திருந்தது.