கெடு போட்டா கேஸ் முடிஞ்சிடுமா?

"மூணு மாசத்துல விசாரணையை முடிங்க"ன்னு ஐகோர்ட் கீழ்கோர்ட்டுக்கு உத்தரவு போட்டதா நியூஸ் வந்தாலே எல்லாரும் கை தட்டுறீங்க. அடிக்கடி சாட்சிக் கூண்டு ஏறுற அரசு டாக்டரா எனக்கு அவ்வளவு சந்தோஷம் வரல. ஏன்னு சொல்றேன், கொஞ்சம் நீளமா போகும்.

எங்க விழுப்புரத்துலயே நடந்ததை எடுத்துக்கங்க. 2021 பிப்ரவரி சம்பவம். அப்போ சிறப்பு டிஜிபியா இருந்த ராஜேஷ் தாஸ் மேல ஒரு பெண் ஐபிஎஸ் அதிகாரி பாலியல் தொல்லை புகார் கொடுத்தாங்க. சென்னை ஐகோர்ட் தானா முன்வந்து வழக்கைக் கையில எடுத்துச்சு. விழுப்புரம் சிஜேஎம் கோர்ட்டுக்கு, 2021 டிசம்பர் 20-க்குள்ள முடிக்கணும்னு கெடு.

தீர்ப்பு வந்தது 2023 ஜூன் 16. மூணு வருஷம் சிறை. அவர் செஞ்ச அப்பீலை 2024 பிப்ரவரியில மாவட்ட செஷன்ஸ் கோர்ட் தள்ளுபடி பண்ணுச்சு.

நாடே பார்த்த கேஸ், ஐகோர்ட் கண்காணிப்பு, புகார் கொடுத்தவரே போலீஸ் அதிகாரி. அதுக்கே கெடு தாண்டி ஒன்றரை வருஷம். திண்டிவனம் பக்கத்து கிராமத்துல புருஷன் அடிச்சுக் கை உடைஞ்ச அம்மாவோட கேஸுக்கு யாருங்க கெடு போடுவா?

2024 பிப்ரவரி 29 அன்னைக்கு சுப்ரீம் கோர்ட்டோட அஞ்சு நீதிபதிகள் அமர்வே சொல்லிடுச்சு: ரொம்ப அசாதாரணமான சூழ்நிலை தவிர, மத்த கோர்ட்டுகளுக்கு இப்படி காலக்கெடு போடக்கூடாதுன்னு. எனக்கு இது ஓபி வரிசை மாதிரிதான் தெரியுது. சிபாரிசோட வர்றவரை முதல்ல பார்த்தா வரிசை வேகமாகாது. பின்னாடி நிக்கிற பாட்டி இன்னும் அரை மணி நேரம் நிப்பாங்க.

சாட்சி விசாரணை ஆரம்பிச்சா தினமும் நடத்தணும்னு சட்டத்துலயே இருக்கு. பழைய சிஆர்பிசி 309, இப்போ பிஎன்எஸ்எஸ் 346. நடக்குறது என்ன? வாய்தா.

முதல் வாய்தா வாங்குன பாவத்துல எனக்கும் பங்கு உண்டு.

வேலைக்குச் சேர்ந்த புதுசு. ராத்திரி ஒரு மணிக்கு வெட்டுக்காயத்தோட ஒருத்தரைக் கொண்டு வந்தாங்க. ஏஆர் என்ட்ரி போட்டு, தையல் போட்டு, அப்புறம் காயச் சான்றும் கொடுத்தேன். நாலு வருஷம் கழிச்சு சம்மன். அதுக்குள்ள எனக்கு வேற ஊருக்கு மாறுதல். அன்னைக்கு டியூட்டி மாத்திவிட ஆள் இல்ல, வர முடியலன்னு லெட்டர் அனுப்பினேன். ரெண்டாவது தடவை போனேன், எதிர்த்தரப்பு வக்கீல் வரல. மூணாவது தடவை வக்கீல்கள் புறக்கணிப்பு.

அந்த ரெண்டாவது தடவை வராண்டா பெஞ்சுல உட்கார்ந்திருக்கேன், ஒருத்தர் பக்கத்துல வந்து சட்டைக் கையை மடிச்சு தழும்பைக் காட்டுறார். "சார், நீங்க போட்ட தையல்தான். இன்னைக்காவது முடிஞ்சிடுமா?" கொத்தனார் வேலை. ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஒரு நாள் கூலி போகும்.

நாலாவது தடவைதான் கூண்டுல ஏறினேன். என் கையெழுத்தை நானே தடுமாறிப் படிச்சேன். அவர்? வெட்டினது யாருன்னு ஞாபகம் இல்லைன்னு சொல்லி பிறழ்சாட்சி ஆயிட்டார். ஊருக்குள்ள ஏதோ பேசி முடிச்சிருக்காங்க. காயம் இருந்துச்சுன்னு நான் நிரூபிக்கலாம். யார் வெட்டினாங்கன்னு அவர்தானே சொல்லணும்? அவரைக் குறை சொல்ல எனக்கு மனசு வரல.

2015-ல ஒரு பஞ்சாப் வழக்குல, முதல் விசாரணைக்கும் குறுக்கு விசாரணைக்கும் நடுவுல 20 மாசம் விட்டதை சுப்ரீம் கோர்ட் கடுமையா கண்டிச்சது. அந்த இடைவெளியிலதான் சாட்சியை விலைக்கோ பயத்துக்கோ வாங்குறாங்க.

அதனால மேல்கோர்ட் கெடு போடுறதை விட, சாட்சி வர்ற அன்னைக்கே முடிக்க வைக்கட்டும். அரசு ஊழியர் வீடியோவுல சாட்சி சொல்லலாம்னு புதுச் சட்டத்துல வந்தாச்சு. டாக்டரை முழு நாள் உட்கார வைக்காம ஒரு மணி நேரம் குறிச்சு அதுல கூப்பிடலாம். சம்மன் நாளுக்கு மாற்று டாக்டர் போடுறது எங்க டிபார்ட்மென்ட் செய்ய வேண்டியது, அதுக்கு ஐகோர்ட் வரைக்கும் போகவே வேண்டாம்.

எனக்கு அடுத்த வாரம் இன்னொரு சம்மன் இருக்கு. இந்தத் தடவை நைட் டியூட்டியை முன்னாடியே மாத்தி வாங்கிட்டேன்.