விருப்பப்பட்டால் எழுதலாமாம்!

இதயத்தில் பொருத்திய செயற்கை வால்வு பழுதானால் மருத்துவமனை விரும்பினால் தெரிவிக்கலாம். விரும்பாவிட்டால் சும்மா இருக்கலாம். மருத்துவக் கருவிகளைக் கண்காணிக்கும் திட்டத்தை 2015 ஜூலையில் தொடங்கியவர்கள் செய்துவைத்த ஏற்பாடு இது. பத்தாண்டு கடந்தும் இதை மாற்ற மனம் வரவில்லை. தயாரிப்பாளருக்கும் இறக்குமதியாளருக்கும் கட்டாயம், மருத்துவமனைக்கு மட்டும் விருப்பம். பழுதை முதலில் கண்ணால் பார்ப்பது யார்? நெஞ்சைத் திறக்கும் அறுவை மருத்துவர். அவர் வாய் திறக்காமல் கம்பெனிக்கு எப்படித் தெரியும்?

குறியீடு இல்லை என்று சாக்குச் சொல்ல வழியில்லை. ஐசிடி-10 என்ற நோய்க் குறியீட்டுப் பட்டியலில் செயற்கை இதய வால்வின் இயந்திரக் கோளாறுக்கு டி82.0 இருக்கிறது. கிருமித் தொற்று என்றால் டி82.6. ரத்தம் உறைந்து வால்வின் வட்டு நின்றுபோனால் டி82.8. அமெரிக்கர்கள் டி82.0-ஐ மேலும் பிரித்து, உடைந்ததா, இடம் பெயர்ந்ததா, கசிகிறதா என்று தனித்தனி எண் கொடுத்திருக்கிறார்கள். இங்கே காப்பீட்டுப் பணம் எதற்கு வருகிறது? வால்வு மாற்று அறுவை என்ற பேக்கேஜுக்கு. பழைய வால்வு ஏன் கழற்றப்பட்டது என்று எழுதினால் ஒரு ரூபாய்கூட அதிகம் வரப் போவதில்லை. டிஸ்சார்ஜ் அவசரத்தில் அதை யார் மெனக்கெட்டு எழுதுவார்?

கோயம்புத்தூர் ஆஸ்பத்திரிகளின் தலைவலி இது, நமக்கென்ன என்று நீலகிரிக்காரர்கள் இருந்துவிட முடியாது. நெருக்கடியான வீடுகளில் குழந்தைகளுக்கு வரும் தொண்டைப் புண்ணைக் கவனிக்காமல் விட்டால் வாதக் காய்ச்சலாகி, பின்னாளில் வால்வைக் கெடுக்கும். எஸ்டேட் லைன் வீடுகளில் எத்தனை பேர் எத்தனை அறையில் முடங்கிக் கிடக்கிறார்கள் என்பதை யாரும் புதிதாகச் சொல்ல வேண்டியதில்லை. குன்னூர், கோத்தகிரிக்காரர்கள் மேட்டுப்பாளையம் இறங்கிக் கோயம்புத்தூர் போகிறார்கள். கூடலூர், பந்தலூர்க்காரர்களுக்குப் பத்தேரியும் கோழிக்கோடும் மைசூருவும்தான் பக்கம். அறுவை முடிந்து திரும்பினால் சுவரில் ஒரு மஞ்சப்பை தொங்கும். அதில் ரத்தம் உறையாமலிருக்க மாத்திரை, ரத்தம் உறைவதை அளக்கும் ஐஎன்ஆர் பரிசோதனைச் சீட்டுகள், வால்வின் வரிசை எண் போட்ட சின்ன அட்டை. மழைக்காலத்து ஈரத்தில் முதலில் பூசணம் பிடிப்பது அந்த அட்டைதான்.

ஒரு நாள் இரவில் மூச்சு முட்டுகிறது. கூடலூரிலிருந்து ஊட்டிக்கு நடுவட்டம் வழியாக 50 கிலோமீட்டர் மலைப்பாதை. வீட்டிலேயே உயிர் போனால் "மாரடைப்பு" என்று பேச்சு முடிந்துவிடும். வால்வு உடைந்ததா, உறைந்ததா, மாத்திரை தவறியதா, யாரும் கேட்பதில்லை. கேட்கவேண்டிய வால்வையும் சேர்த்தே புதைத்துவிடுகிறோம். வால்வு வைத்த விவரம் ஒரு மாநிலத்தில், சாவுப் பதிவு இன்னொரு மாநிலத்தில். நாடு முழுவதும் 2020-இல் பதிவான மரணங்களில் மருத்துவர் காரணம் எழுதிச் சான்றளித்தவை சுமார் 22 சதவீதமே.

எங்கும் நடக்காத கதை அல்ல இது. பியோர்க்-ஷைலி என்ற வால்வில் வட்டைத் தாங்கும் கம்பியின் பற்றவைப்பு விட்டுப்போய், வட்டு கழன்று ஓடியது. 1986-இல் விற்பனை நிற்பதற்குள் உலகம் முழுவதும் சுமார் 86,000 பேருக்குப் பொருத்தியாகிவிட்டது. திடீர் மரணம் என்று எழுதப்பட்டவற்றில் கம்பி உடைந்தவை எத்தனை என்பது, பிரேதப் பரிசோதனை நடந்த இடங்களில்தான் வெளிவந்தது.

நம் கண்காணிப்பாளர்களின் பழைய கணக்கையும் புரட்டலாம். இதய வால்வைச் சட்டப்படி "மருந்து" என்று அறிவித்துக் கட்டுப்பாட்டுக்குள் கொண்டுவரவே 2005 ஆனது. ஏஎஸ்ஆர் என்ற செயற்கை இடுப்பு மூட்டு என்ன ஆனது? பதிவேடு வைத்திருந்த ஆஸ்திரேலியாவில் 2009-லேயே விற்பனை நின்றது. 2010 ஆகஸ்டில் உலகெங்கும் திரும்பப் பெற்றார்கள். இங்கே எச்சரிக்கை வந்தது 2013-இல். பிறகு குழு அமைத்து, இழப்பீட்டுச் சூத்திரம் போட்டு, 2018-இல் பணம் கொடுக்கக் கிளம்பினால் மூட்டு பொருத்திக்கொண்டவர்களில் பெரும்பாலோரைக் கண்டுபிடிக்கவே முடியவில்லை. எழுதிவைக்காததன் விலை அது. அதைப் பார்த்த பிறகும் "விருப்பம்" என்கிறார்கள் என்றால், மறதி என்று சொல்லி மன்னிக்க முடியாது.

திருவனந்தபுரம் ஸ்ரீ சித்திரைத் திருநாள் நிறுவனத்தில் மருத்துவர் வலியத்தானின் குழு செய்த சித்ரா வால்வின் முதல் மூன்று மாதிரிகள் தோற்றன. எங்கே தோற்றன என்று எழுதி வைத்ததால்தான் நான்காவது தேறி, 1990 டிசம்பரில் மனித நெஞ்சுக்குள் போனது. அதே நிறுவனத்தைத்தான் 2015-இல் கண்காணிப்புத் திட்டத்துக்குத் துணையாகச் சேர்த்தார்கள். சேர்த்தவர்கள் அதன் பழக்கத்தை மட்டும் கற்றுக்கொள்ளவில்லை.

காப்பீட்டுப் பணத்தோடு முடிச்சுப் போடுவார்களோ, சட்டத்தில் ஒரு வரி சேர்ப்பார்களோ, அது அவர்கள் பாடு. கழற்றிய ஒவ்வொரு வால்வுக்கும் காரணம் எழுதப்பட வேண்டும். வால்வு வைத்தவர் இறந்தால் அந்த வால்வைப் பற்றி யாராவது ஒரு கேள்வி கேட்க வேண்டும். அதுவரை இந்த நாட்டில் வால்வுகள் பழுதாவதில்லை என்று அவர்கள் காட்டும் எந்தக் கணக்கையும் நம்புவதற்கில்லை.