ஊசியை வெட்டித்தான் போடுகிறோம்... போனை?

இன்னைக்கு மருந்து மாத்திரை பற்றி இல்லை. உங்க பழைய போன் பற்றி. கொஞ்சம் பொறுமையா படிங்க.

போன வாரம் என் பழைய போனை விற்கலாம்னு கும்மிடிப்பூண்டி பக்கம் ஒரு கடைக்குப் போனேன்.

"சும்மா ரீசெட் பண்ணா போதாது சார், சாஃப்ட்வேர் போட்டு சுத்தமா அழிச்சுத் தர்றேன்" என்றார் கடைத் தம்பி. யூஎஸ்பி டீபக்கிங்கை ஆன் பண்ணச் சொல்லி, லேப்டாப்பில் மாட்டினார். திரையில் ஒரு எச்சரிக்கை: "ஏடிபி வின் ஏபிஐ டிஎல்எல்" என்ற ஃபைலைக் காணோமாம்.

"கூகுள்ல தேடினா கிடைக்கும் சார், ரெண்டு நிமிஷம்."

முதலில் வந்த ஏதோ ஒரு தளத்தில் கையை வைத்தார். நான் ஒயரைப் பிடுங்கிவிட்டேன்.

ஏன்?

அந்தப் போனில் நாலு வருஷமா என் நோயாளிகள் இருக்கிறார்கள். சிப்காட்டில் நைட் ஷிப்டில் மெஷினில் கை மாட்டி நசுங்கி வருகிறவர்களை ஸ்டான்லிக்கு அனுப்பும் முன், காயத்தைப் படம் எடுத்து அங்குள்ள டாக்டருக்கு அனுப்புவேன். எக்ஸ்ரே, ஈசிஜி, ரத்த ரிப்போர்ட் எல்லாம் அதில்தான். அதில் ஹெச்ஐவி ரிப்போர்ட்டும் உண்டு. அதை வெளியில் கசிய விடக்கூடாது என்று 2017-இல் தனிச் சட்டமே இருக்கிறது.

சரி, அந்த டிஎல்எல் என்றால் என்ன?

எங்க ஆஸ்பத்திரியில் சலைன் தயாரிப்பதில்லை. ஸ்டோரிலிருந்து எடுத்து ஏற்றுகிறோம். அதே மாதிரி ஒரு புரோகிராம் எல்லா வேலையையும் தானே செய்யாது. பொது வேலைகளுக்கு இந்த லைப்ரரி ஃபைல்களைக் கூப்பிட்டுக்கொள்ளும். கம்ப்யூட்டரும் ஆண்ட்ராய்டு போனும் பேசிக்கொள்ள உதவும் ஃபைல்களில் ஒன்றுதான் மேலே சொன்னது.

பெரும்பாலும் புரோகிராம் பெயரை மட்டும் பார்த்துத்தான் அந்த ஃபைலை எடுக்கும். அதே பெயரில் எவனோ விஷம் கலந்து வைத்திருந்தால், புரோகிராமுக்கு உள்ள அத்தனை அதிகாரமும் அந்த விஷத்துக்கும் கிடைக்கும். ரோட்டில் கிடந்த சலைன் பாட்டிலை லேபிளைப் பார்த்து ஏற்றுவது போலத்தான்.

இன்னொன்று. டீபக்கிங்கை ஆன் பண்ணி, போனைத் திறந்து கொடுத்தால், அழிக்க உதவும் அதே வழியில் காப்பியும் எடுக்கலாம்.

"அப்போ ரீசெட் போதுமா டாக்டர்?"

பழைய போனுக்குப் போதாது. 2015-இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 21 பழைய ஆண்ட்ராய்டு போன்களைச் சோதித்தார்கள் (பதிப்பு 2.3 முதல் 4.3 வரை). ரீசெட்டுக்குப் பிறகும் பலவற்றில் பழைய மெசேஜ் முதல் கூகுள் கணக்கின் சாவி வரை மீட்க முடிந்தது.

இப்போதைய போன்கள் வேறு. ஆண்ட்ராய்டு 10-உடன் வந்த எல்லாப் புதுப் போனிலும் என்க்ரிப்ஷன் கட்டாயம். ஐபோனில் அதற்கும் முன்பிருந்தே உண்டு. தகவல் பூட்டப்பட்டே இருக்கும். ரீசெட் செய்தால் சாவி அழியும். உள்ளே மிச்சம் கிடந்தாலும் படிக்க முடியாது. இந்தப் போன்களுக்குக் கடைக்காரரின் சாஃப்ட்வேரே தேவையில்லை!

விற்கும் முன் செய்ய வேண்டியது:

1. மெமரி கார்டையும் சிம்மையும் கழற்றுங்கள். கார்டு பெரும்பாலும் பூட்டப்படாமல்தான் இருக்கும். அதை விற்காதீர்கள்.

2. தேவையானதை பேக்கப் எடுத்துவிட்டு, கூகுள் அல்லது ஆப்பிள் கணக்கிலிருந்து வெளியேறுங்கள்.

3. செட்டிங்ஸில் போய் நீங்களே, உங்க கையால், ரீசெட் செய்யுங்கள்.

4. ரொம்பப் பழைய போனா? விற்காதீர்கள். அங்கீகாரம் பெற்ற மின்கழிவு மறுசுழற்சி நிறுவனத்திடம் கொடுத்து உடைக்கச் சொல்லுங்கள்.

5. கம்ப்யூட்டரில் ஒரு டிஎல்எல் காணோம் என்று வந்தால், அந்த ஒரு ஃபைலை மட்டும் தேடி இறக்காதீர்கள். முழு புரோகிராமையும் அதைத் தயாரித்தவரின் தளத்திலிருந்தே மறுபடி போடுங்கள்.

சிப்காட்டில் வேலை பார்க்கும் ஒடிசா, பீகார் தம்பிகளுக்கும் இதைச் சொல்லுங்கள். அவர்களுடைய ஆதார், பேங்க், வீட்டுப் பெண்களின் போட்டோ எல்லாம் ஒரே போனில்தான் இருக்கிறது.

கடைசியாக, எங்கள் துறைக்கும் ஒரு வார்த்தை. போட்ட ஊசியை வெட்டி, குத்திக் கிழிக்காத வெள்ளை டப்பாவில் போட 2016 முதல் விதி இருக்கிறது. நோயாளியின் காயத்தைப் படம் எடுக்கும் டாக்டரின் சொந்தப் போனை என்ன செய்வது என்று வார்டில் யாரும் எனக்குச் சொல்லித் தந்ததில்லை. வார்டுக்கு ஒரு அலுவலகப் போன் கொடுங்கள். அதை ஒதுக்கும் நாளில் யார் அழிப்பது, யார் கையெழுத்துப் போடுவது என்று எழுதி வையுங்கள். பெரிய செலவு இல்லை.

நசுங்கிய கையை என்னை நம்பித்தான் நீட்டினார் அந்தத் தொழிலாளி. கடைத் தம்பியை நம்பி அல்ல.

என் போனா? இன்னும் மேசை டிராயரில்தான் இருக்கிறது. கார்டை எடுத்துவிட்டேன். இன்று இரவு ரீசெட்.


அரசு மருத்துவர், திருவள்ளூர் மாவட்டம்